திசுப் பொருத்த ஆய்வகங்களுக்கு ஒரு திறந்த மடல்: ‘ஹாப்லோடைப்’ என்று அச்சிடும் முன்

மதிப்பிற்குரிய திசுப் பொருத்த ஆய்வகப் பொறுப்பாளர்களுக்கும், அறிக்கைகளில் கையொப்பமிடும் மருத்துவர்களுக்கும்,

வணக்கம். நீங்கள் அனுப்பும் எச்எல்ஏ அறிக்கையை, அதாவது உறுப்பு அல்லது ஸ்டெம் செல் மாற்றுச் சிகிச்சைக்கு முன் நோயாளியின் திசு வகை கொடையாளருடையதோடு பொருந்துகிறதா என்று காட்டும் அறிக்கையை, மேசையில் விரித்துவைத்து, நோயாளியின் குடும்பத்துக்கு வரிவரியாக விளக்கிச் சொல்வது என் வேலை. அறிக்கையில் உள்ள எண்களும் நட்சத்திரக் குறிகளும் அவர்களைக் கலங்கடிப்பதில்லை. ‘இது உங்கள் வேலை, நீங்கள் பார்த்துக்கொள்ளுங்கள்’ என்று விட்டுவிடுகிறார்கள். கலங்கடிப்பது கடைசி வரிதான்: “ஹாப்லோடைப் பொருத்தம்: 50 சதவீதம்.” அதைப் படித்ததும் தவறாமல் ஒரு கேள்வி வரும். “அப்படியென்றால் பிழைக்கும் வாய்ப்பும் பாதிக்குப் பாதிதானா?”

அந்த 50 எதன் பாதி என்று அறிக்கை சொல்வதே இல்லை. பல அறிக்கைகளைப் பார்த்தபின் எனக்கு வந்திருக்கும் ஐயம் இது: எழுதியவருக்கே அது எதன் பாதி என்று தெரியுமா? கடுமையாகத் தோன்றினால் பொறுத்துக்கொள்ளுங்கள். காரணத்தைச் சொல்கிறேன்.

1967இல் இத்தாலியின் டூரின் நகரில் நடந்த திசுப் பொருத்தப் பட்டறையில்தான் மரபியலாளர் ருஜெரோ செப்பெல்லினியும் உடன் பணியாற்றியவர்களும் ‘ஹாப்லோடைப்’ என்ற பெயரைப் புழக்கத்துக்குக் கொண்டுவந்தார்கள். அதற்கு 9 ஆண்டுகளுக்கு முன்பே பிரெஞ்சு மருத்துவர் ஜான் டோசே வெள்ளணுக்களின் மேலுள்ள முதல் எச்எல்ஏ ஆன்டிஜெனை (தன்னுடையது எது, அந்நியம் எது என்று உடல் அடையாளம் காணும் புரதக் குறியை) விவரித்திருந்தார். அதன்பின் ஆளுக்கொரு ஆன்டிஜெனைக் கண்டுபிடித்து, ஆளுக்கொரு பெயர் வைத்து, பெருங்குழப்பம் நிலவிய காலம் அது. செப்பெல்லினி குழுவினர் பார்த்தது தனி மனிதர்களை மட்டும் அல்ல, குடும்பங்களை. தந்தை, தாய், பிள்ளைகள் எல்லோரையும் சேர்த்துப் பரிசோதித்தபோது, ஆன்டிஜென்கள் ஒவ்வொன்றாகச் சிதறி இறங்காமல், கொத்தாகச் சேர்ந்தே தலைமுறை இறங்குவது தெரிந்தது. ஒரு பெற்றோரிடமிருந்து ஒரு குரோமோசோமோடு சேர்ந்து வந்த அந்தக் கொத்துக்குத்தான் அப்பெயர். ஆக, ஹாப்லோடைப் என்று எழுதும்போதே ‘இவை ஒரே பெற்றோரிடமிருந்து ஒன்றாக வந்தவை’ என்று உறுதி கூறுகிறீர்கள். அந்த உறுதிக்கு ஆதாரம் இருக்கிறதா என்பதுதான் என் கேள்வி.

ஓர் எடுத்துக்காட்டு. மூன்று மரபணுக்களை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். நட்சத்திரக் குறிக்கு முன்னால் இருப்பது மரபணுவின் பெயர், பின்னால் இருப்பது அதன் வகையின் எண். தந்தையின் ஆறாம் குரோமோசோம்கள் இரண்டில், ஒன்றில் ஏ*01, பி*08, டிஆர்பி1*03 இருக்கின்றன. மற்றதில் ஏ*02, பி*44, டிஆர்பி1*04. தாயின் ஒன்றில் ஏ*03, பி*07, டிஆர்பி1*15. மற்றதில் ஏ*24, பி*35, டிஆர்பி1*11. தந்தையின் முதல் கொத்தும் தாயின் முதல் கொத்தும் பிள்ளைக்கு வந்தன என்று வைத்துக்கொள்வோம். அந்தப் பிள்ளைதான் நம் நோயாளி.

இப்போது உங்கள் அறிக்கையில் அந்தப் பிள்ளையின் அட்டவணை எப்படி இருக்கும்? ஏ என்ற வரிசையில் 01, 03. பி வரிசையில் 07, 08. டிஆர்பி1 வரிசையில் 03, 15. எண்களை ஏறுவரிசையில் அடுக்குவது உங்கள் மென்பொருளின் வழக்கம். அதில் குற்றமில்லை. ஆனால் படிப்பவர் கண் மேலிருந்து கீழே இறங்கும். முதல் பத்தியைப் படித்தால் 01, 07, 03. அப்படியொரு கொத்து அந்தக் குடும்பத்தில் யாரிடமும் இல்லை! 01–08–03 என்பதும் 03–07–15 என்பதுமே உண்மையில் இறங்கி வந்தவை. ஒரு மரபணுவின் எண்கள் இடம் மாறி நின்றதால், இல்லாத ஒரு பரம்பரையை அட்டவணை உருவாக்கிவிடுகிறது. சில அறிக்கைகளில் இந்தப் பத்திகளுக்கு மேலேயே ‘ஹாப்லோடைப் 1’, ‘ஹாப்லோடைப் 2’ என்று தலைப்பும் போட்டிருக்கிறீர்கள். பெற்றோரின் ரத்தம் ஆய்வகத்துக்கு வரவே இல்லை என்பது அதே தாளின் கீழே தெரிகிறது.

தனி ஒருவரின் ரத்தத்திலிருந்து உங்களுக்குக் கிடைப்பது கிண்ணத்தில் கொட்டிய மணிகள். எந்த மணி எந்தச் சரத்திலிருந்து உதிர்ந்தது என்பது குடும்பத்தைப் பார்த்தால்தான் தெரியும். ‘இப்போதைய வரிசையறியும் கருவிகள் அதையும் காட்டுமே’ என்பீர்கள். ஒரு மரபணுவுக்குள் நன்றாகவே காட்டும். ஆனால் ஏ மரபணுவுக்கும் டிஆர்பி1 மரபணுவுக்கும் இடையே 25 லட்சம் எழுத்துகளுக்கும் மேற்பட்ட டிஎன்ஏ கிடக்கிறது. வழக்கமான பரிசோதனை அந்தத் தூரத்தைத் தாண்டி ‘இதுவும் அதுவும் ஒரே குரோமோசோமில்தான்’ என்று சொல்லாது.

அடுத்த பதிலும் எனக்குத் தெரியும். மக்கள்தொகைப் புள்ளிவிவரத்தை வைத்துக் கணிக்கலாம். ஆம், கணிக்கலாம். ஏ1–பி8–டிஆர்3 என்ற கொத்து (மேலே 01–08–03 என்று கண்டதன் பழைய பெயர்) வட ஐரோப்பிய வம்சாவளியினரிடையே மிகப் பரவலானது; ஏ3–பி7–டிஆர்15 என்பதும் அங்கே அடிக்கடி தென்படுவது. ஆகவே மேலே சொன்ன பிள்ளை அந்த வம்சாவளியைச் சேர்ந்தவரானால் மென்பொருள் சரியாகவே ஊகித்துவிடும். கொடையாளர் பதிவேடுகளில் குறைவாக இடம்பெற்ற மக்களிடையே அதே மென்பொருள் தடுமாறும். அதைவிட முக்கியம், ஊகம் ஊகம்தான். ‘கணிக்கப்பட்டது’ என்ற ஒரு சொல்லைச் சேர்க்க உங்களுக்கு என்ன தடை? அறிக்கையில் அதற்கு இடமில்லை என்றால், ஆய்வகச் சின்னத்தைக் கொஞ்சம் சிறிதாக்கலாம்.

இது வெறும் பெயர்ச் சண்டை என்று ஒதுக்கிவிட முடியாது. 2007இல் சியாட்டில் ஆய்வாளர்கள் உறவில்லாத கொடையாளர்–நோயாளி இணைகளை ஆராய்ந்தார்கள். பரிசோதித்த ஐந்து எச்எல்ஏ மரபணுக்களிலும், மரபணுவுக்கு இரண்டு வீதம், பத்துக்குப் பத்து பொருந்திய இணைகள் அவை. ஆனால் அந்தப் பத்தும் குரோமோசோம்களில் அடுக்கப்பட்ட விதம் சில இணைகளில் வேறாக இருந்தது. அந்த இணைகளில், கொடையாளியின் செல்கள் நோயாளியின் உடலைத் தாக்கும் எதிர்வினை கடுமையாக வருவது அதிகம் என்று கண்டார்கள். எண்ணிப் பார்த்தால் முழுப் பொருத்தம். சரத்தைப் பார்த்தால் பொருத்தமில்லை. நாம் எண்ணும் மரபணுக்களுக்கு இடையே நாம் எண்ணாத எத்தனையோ கிடக்கின்றன, அவையும் சேர்ந்துதானே வருகின்றன?

இப்போது அந்த 50 சதவீதத்துக்கு வருகிறேன். நோயாளியின் தாயும், முன்பின் தெரியாத ஒருவரும், இருவருமே பத்துக்கு ஐந்து பொருந்துவதாக வைத்துக்கொள்வோம். சதவீதத்தில் இருவரும் ஒன்றுதான். ஆனால் தாயிடம் இருப்பது, நோயாளி அவரிடமிருந்தே பெற்ற ஒரு முழுக் கொத்து. அந்த வேற்றாளிடம் இருப்பது அங்கொன்றும் இங்கொன்றுமாகத் தற்செயலாக ஒத்துப்போன ஐந்து எண்கள். ‘பாதிப் பொருத்தமுள்ள’ கொடையாளர் என்று மருத்துவர்கள் சொல்வது முதல் வகையைத்தான். மாற்றுச் சிகிச்சை முடிந்த சில நாட்களில் சைக்ளோபாஸ்பமைடு என்ற மருந்தைக் கொடுத்து எதிர்வினையை அடக்கும் முறையை அமெரிக்காவின் ஜான்ஸ் ஹாப்கின்ஸ் மருத்துவர்கள் வளர்த்தெடுத்த பிறகு, அத்தகைய கொடையாளர்களிடமிருந்து ஸ்டெம் செல் பெறுவது உலகெங்கும் வழக்கமாகிவிட்டது. முழுப் பொருத்தம் கிடைக்காத எத்தனையோ பேருக்கு அதுவே கதவைத் திறந்தது. அந்த நல்ல செய்தியை ‘50 சதவீதம்’ என்ற எண்ணில் அடைத்து, பரீட்சையில் பாதி மதிப்பெண் வாங்கியதுபோல் குடும்பத்தின் கையில் கொடுக்கிறீர்கள்.

உடன்பிறந்தவர்கள் விஷயத்திலும் இதே சிக்கல்தான். இரு கொத்துகளும் ஒத்துப்போக நான்கில் ஒரு வாய்ப்பு, ஒன்று மட்டும் ஒத்துப்போக நான்கில் இரண்டு, எதுவுமே ஒத்துப்போகாமலிருக்க நான்கில் ஒன்று. (மூவர் உடன்பிறந்திருந்தால் 25ஐ மூன்றால் பெருக்கி 75 என்று குடும்பங்கள் நம்பிக்கை வைக்கின்றன. குறைந்தது ஒருவராவது முழுமையாகப் பொருந்தும் வாய்ப்பு உண்மையில் ஏறக்குறைய 58 சதவீதம்.) ஒரு கொத்து ஒத்துப்போகும் அந்தச் சகோதரர் பகிர்வது தாய் வழிக் கொத்தையா, தந்தை வழிக் கொத்தையா? இது தேவையற்ற விவரம் என்று யாரும் சொல்லிவிட முடியாது. உடன்பிறந்தவரிடமிருந்து பெற்ற சிறுநீரகங்களைப் பற்றிய 1998ஆம் ஆண்டு ஆய்வொன்றில், கொடையாளியிடம் கூடுதலாக இருப்பது நோயாளிக்கு இறங்காமல் போன தாயின் கொத்தாக இருந்தபோது, உறுப்பு நீண்டகாலம் நிலைப்பது மேம்பட்டிருந்தது. கருவிலேயே அந்த ஆன்டிஜென்களோடு பழகிய உடல் பிற்பாடு அவற்றைச் சற்றே பொறுத்துக்கொள்கிறது என்பது அதற்குச் சொல்லப்படும் விளக்கம். இதற்கு மறுபக்கமும் உண்டு. பிள்ளை தாய்க்குக் கொடையளிக்கும்போது, பிள்ளையிடம் உள்ள தந்தை வழிக் கொத்தைத் தாயின் உடல் கர்ப்பகாலத்திலேயே சந்தித்திருக்கிறது. அதற்கெதிரான ஆன்டிபாடி அவரது ரத்தத்தில் இருக்கக்கூடும். கொத்தின் வழியை அறிக்கை காட்டினால் மருத்துவர் அதைத் தேடிப் பார்ப்பார். சதவீதம் அதைக் காட்டாது.

சிறு பிழைகள் சிலவற்றையும் சொல்லிவிடுகிறேன். ‘பி27 ஹாப்லோடைப்’ என்று எழுதுகிறீர்கள். முதுகெலும்பு இறுக்க நோயோடு தொடர்புள்ள பி27 என்பது ஒரே மரபணுவின் ஒரு வகை. அதை அலீல் என்றோ ஆன்டிஜென் என்றோ சொன்னால் போதும். ஒற்றை மணியைச் சரம் என்று சொல்லவேண்டாம். ஒரே எண் மட்டும் கிடைத்த இடத்தில் சிறு கோடு போட்டு விட்டுவிடும் பழக்கமும் உண்டு. இரு பெற்றோரிடமிருந்தும் அதே வகை வந்ததா, இரண்டாவதைக் கருவி பிடிக்கத் தவறியதா? கோடு இரண்டுக்கும் பொதுவாக நிற்கிறது.

இந்தத் தளர்வு எங்கிருந்து வந்தது என்று எனக்கு ஓர் ஊகம் உண்டு. நோயெதிர்ப்பியலை நம்மில் பலர் எலிகள் வழியாகத்தான் கற்றோம். 1974இல் சிங்கர்நாகல், டோஹர்ட்டி என்ற ஆய்வாளர்கள் நோயெதிர்ப்பு அணுக்களான டி செல்களின் நடத்தையைக் கண்டறிந்ததும் எலிகளில்தான். ஆய்வக எலிகள் தலைமுறை தலைமுறையாக உள்ளினக் கலப்பில் வளர்க்கப்பட்டவை. அவற்றின் இரு குரோமோசோம்களும் ஒன்றுபோலவே இருக்கும். அங்கே ‘இந்த எலியின் ஹாப்லோடைப் இது’ என்று ஒருமையில் சொல்லிவிடலாம், எந்தக் குழப்பமும் வராது. அந்தப் பேச்சுவழக்கை அப்படியே மனிதர்மேல் ஏற்றினால், ஒவ்வொருவரிடமும் இரண்டு இருக்கின்றன என்பதே மறந்துபோகிறது.

கொத்து எப்போதும் முக்கியம் என்றும் நான் வாதாடவில்லை. கோதுமைப் புரதத்தால் குடல் பாதிக்கப்படும் சீலியாக் நோயை எடுத்துக்கொள்ளுங்கள். அதற்கு வழிவகுக்கும் டிக்யூ2.5 மூலக்கூறுக்கு இரு பாதிகள் வேண்டும். டிஆர்3 கொத்தில் இரண்டு பாதிகளுக்கான மரபணுக்களும் ஒன்றாகவே வருகின்றன. ஆனால் ஒரு பெற்றோரிடமிருந்து டிஆர்5 கொத்தும் மற்றவரிடமிருந்து டிஆர்7 கொத்தும் பெற்றவரின் செல்லும் பாதிக்குப் பாதி சேர்த்து அதே மூலக்கூறை உருவாக்கிவிடுகிறது. இங்கே எது எந்தச் சரத்தில் வந்தது என்பது இரண்டாம்பட்சம். இந்த வேறுபாட்டை அறிந்தவர் எழுதிய அறிக்கை, தேவையான இடத்தில் மட்டும் அந்தச் சொல்லைப் பயன்படுத்தும்.

நான் கேட்பதில் ஒரு சங்கடம் இருக்கிறது, அதை மறைக்கக்கூடாது. கொத்துகளை வழிப்படுத்தக் குடும்பத்தைப் பரிசோதித்தால், பிள்ளையிடம் தந்தையின் இரு கொத்துகளில் எதுவுமே இல்லை என்று எப்போதாவது தெரியவரும். ஏ மரபணுவுக்கும் டிஆர்பி1 மரபணுவுக்கும் இடையே சுமார் நூற்றில் ஒரு முறை மறுசேர்க்கை (ஒரு பெற்றோரின் இரு குரோமோசோம்களும் துண்டுகளை மாற்றிக்கொள்வது) நடந்து கொத்து உடைவதுண்டு. அது வேறு, அனுபவமுள்ளவர் பார்த்ததும் அடையாளம் கண்டுகொள்வார். கொத்தே இல்லை என்றால் பொருள் வேறு. சிகிச்சைக்கு வந்த குடும்பத்தின் முன் அதை அட்டவணையாக விரிக்க எந்த ஆய்வகத்துக்கும் உரிமையில்லை. ஆகவே ரத்தம் எடுக்கும் முன்பே, உறவுமுறை பற்றிய தகவல் வெளிப்படலாம் என்பதை வயதுவந்தவர்கள் ஒவ்வொருவரிடமும் தனித்தனியே சொல்லி ஒப்புதல் வாங்குங்கள். குடும்ப அட்டவணை சிகிச்சை மருத்துவருக்கு மட்டும் போகட்டும். நோயாளியின் கையில் கிடைக்கும் தாளில், கொடையாளர் பொருந்துகிறாரா, எத்தனை கொத்துகளில் பொருந்துகிறார் என்பது போதும்.

குடும்பத்தைப் பரிசோதித்திருந்தால் ‘குடும்ப ஆய்வின்படி’ என்றும், ஊகித்திருந்தால் ‘கணிக்கப்பட்டது’ என்றும், இரண்டும் இல்லையென்றால் ஹாப்லோடைப் என்ற சொல்லே இல்லாமலும் அறிக்கை வரட்டும். ‘50 சதவீதம்’ என்பதற்குப் பதில் ‘ஒரு ஹாப்லோடைப் பொருந்துகிறது, தாய் வழி’ என்று எழுதுங்கள். ஏறுவரிசைப் பத்திகளுக்கு மேலுள்ள தலைப்புகளை எடுத்துவிடுங்கள். ஏற்கெனவே அந்தத் தலைப்புகளோடு வெளியேறிய அறிக்கைகளில், மாற்றுச் சிகிச்சைக்காகக் காத்திருப்பவர்களுடையதை மட்டுமாவது திருத்தி மறுபடி அனுப்புங்கள்.

இப்படிக்கு,
உங்கள் அறிக்கைகளைக் குடும்பங்களுக்கு விளக்கிச் சொல்லும் ஓர் ஆலோசகர்