ஸ்கோரைப் போட்டுக்கொடுக்கும் போனுக்கு வாய்ப்பூட்டு

அன்புள்ள தம்பிக்கு,

அம்மா எழுதுகிறேன். நீ அனுப்பிய வாய்ஸ் மெசேஜைக் கேட்டேன். ஷிஃப்ட் முடிந்து வந்து முதல் பந்திலிருந்து பார்க்கலாம் என்று ஒதுக்கி வைத்திருந்த மேட்ச், அதன் முடிவை உன் போனே போட்டுக்கொடுத்துவிட்டது. கோபம் நியாயம்தான். ஆனால் எல்லா நோட்டிஃபிகேஷனையும் ஒட்டுமொத்தமாக அணைத்துவிடப் போகிறேன் என்கிறாயே, அது வேண்டாம்ப்பா. பேங்க் தகவல், ஆபீஸ் மெசேஜ், நான் அனுப்புவது எல்லாம் அதோடு போய்விடும். நாலு நாளில் எதையாவது தவறவிட்டு, எரிச்சலில் எல்லாவற்றையும் மறுபடி திறந்துவிடுவாய். ஸ்கோரும் கூடவே உள்ளே வந்து உட்கார்ந்துகொள்ளும்.

போனில் சொன்னால் பாதியிலேயே "சரிம்மா, பார்த்துக்கறேன்" என்று வைத்துவிடுவாய். அதனால்தான் எழுதுகிறேன். லீவு நாளில் போனையும் லேப்டாப்பையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு படி.

ஸ்போர்ட்ஸ் ஆப்பை அழித்த பிறகும் ஸ்கோர் வருகிறது என்று சொன்னாய். வரத்தான் செய்யும். ஸ்கோர் சொல்வது அந்த ஆப் மட்டும் இல்லையே. போனோடு வந்த கூகுள் ஆப் சொல்லும், என்றைக்கோ திறந்து பார்த்த வெப்சைட் பிரவுசர் வழியாகச் சொல்லும், யூடியூப் சொல்லும், விண்டோஸின் டாஸ்க்பார் சொல்லும், மெயிலும் சொல்லும். எந்த வீட்டு நாய் குரைக்கிறது என்று பார்க்காமல் கல்லெறிந்து என்ன பயன்? அடுத்த முறை ஸ்கோர் வந்தால் பட்டென்று தள்ளிவிடாதே. அதன் தலையில் சின்னதாக ஒரு பெயர் இருக்கும். அதைப் படி. ஆப்பின் பெயர் இருந்தால் ஒரு வழி, குரோம் என்றும் கூடவே ஒரு வெப்சைட் முகவரியும் இருந்தால் வேறு வழி.

உன் ஆண்ட்ராய்டில் அந்த நோட்டிஃபிகேஷனின் மேலேயே விரலை அழுத்திப் பிடி. அது எந்த ஆப், அதில் எந்த வகை என்று காட்டும். சத்தமில்லாமல் வரட்டுமா, வரவே வேண்டாமா என்று அங்கேயே முடிவு செய்துவிடலாம். அவசரத்தில் தள்ளிவிட்டாலும் பரவாயில்லை. செட்டிங்ஸில் நோட்டிஃபிகேஷன்ஸ் பகுதிக்குள் 'நோட்டிஃபிகேஷன் ஹிஸ்டரி' என்று ஒன்று இருக்கிறது. ஆண்ட்ராய்டு 11 வந்த 2020-லிருந்து இருப்பது. அதை ஆன் செய்து வைத்தால் கடந்த 24 மணி நேரத்தில் யார் யார் எட்டிப் பார்த்தார்கள் என்று வரிசையாகக் காட்டும். துப்பறிய இதைவிட நல்ல இடம் கிடையாது. எனக்கு இது தெரிய வந்த பிறகுதான் பாதிப் பிரச்சினை தீர்ந்தது.

ஸ்போர்ட்ஸ் ஆப்பை நீ அழித்திருக்கவே வேண்டாம். அட்டவணை பார்க்க, யார் அணியில் இருக்கிறார்கள் என்று பார்க்க அது வேண்டும்தானே. 2017-இல் ஆண்ட்ராய்டு 8 வந்ததிலிருந்து ஆப்கள் தங்கள் நோட்டிஃபிகேஷன்களை வகை வகையாகப் பிரித்துவைக்க வேண்டும் என்று ஆகிவிட்டது. ஆட்டம் தொடங்குகிறது என்பது ஒரு வகை, விக்கெட் அல்லது கோல் இன்னொரு வகை, முடிவு ஒரு வகை, செய்தி, வீடியோ என்று தனித்தனியாக ஸ்விட்ச் இருக்கும். ஒழுங்கான ஆப் என்றால் இதை ஒழுங்காகச் செய்திருக்கும். தொடக்க அறிவிப்பை மட்டும் விட்டுவிட்டு மற்றதையெல்லாம் அணை. சில ஆப்கள் வேண்டுமென்றே எல்லாவற்றையும் ஒரே வகைக்குள் திணித்து வைத்திருக்கும், விளம்பரத்தையும் சேர்த்து. அப்படிப்பட்டதற்கு இரக்கமே காட்டாதே, முழுசாக அணைத்துவிடு.

அதோடு ஆப்பின் உள்ளேயும் போய்ப் பார்க்க வேண்டும். முதன்முதலில் நிறுவியபோது பிடித்த அணிகள் எவை என்று கேட்டிருக்கும், நீயும் ஆர்வத்தில் ஏழெட்டைத் தட்டியிருப்பாய். அந்தப் பட்டியலிலிருந்துதான் பாதி அலர்ட் வருகிறது. ஒவ்வொரு மேட்ச் பக்கத்திலும் ஒரு மணிப் படம் இருக்குமே, அதையும் பார். தெரியாமல் தட்டினால்கூட அந்த ஆட்டம் முடியும்வரை ஓய்வில்லாமல் அடிக்கும்.

கூகுள் ஆப்பில் மேலே இருக்கும் உன் முகப்படத்தைத் தட்டி, செட்டிங்ஸ், அதற்குள் நோட்டிஃபிகேஷன்ஸ். விளையாட்டுக்குத் தனி ஸ்விட்ச் இருக்கும். ஸ்கோரைத் தேடும்போது அதைத் திரையில் பின் பண்ணி வைத்துவிட்டால் ஒரு வட்டம் மிதந்துகொண்டே இருக்கும். அதற்கு செட்டிங்ஸ் எதுவும் தேவையில்லை. விரலால் இழுத்துக் கீழே தள்ளினால் போய்விடும்.

மருமகளிடம் இருப்பது ஐபோன். அவளுக்கு: நோட்டிஃபிகேஷனை இடது பக்கமாக மெதுவாக இழுத்தால் 'ஆப்ஷன்ஸ்' என்று வரும், அதற்குள் 'டர்ன் ஆஃப்'. ஐபோனில் இன்னொரு தொல்லை உண்டு. பூட்டுத் திரையிலேயே ஸ்கோர் தானாக மாறிக்கொண்டே இருக்கும் பெட்டி, 'லைவ் ஆக்டிவிட்டீஸ்' என்பார்கள். 2022-இல் வந்தது. அதற்கு அந்த ஆப்பின் செட்டிங்ஸில் தனி ஸ்விட்ச். நோட்டிஃபிகேஷனை அணைத்துவிட்டோமே, இன்னும் ஏன் தெரிகிறது என்று அவள் கேட்டால் இதைச் சொல். கையில் கட்டும் வாட்ச் போனுக்கு வருவதைத்தான் எதிரொலிக்கும். போனில் நின்றால் அதிலும் பெரும்பாலும் நின்றுவிடும்.

இனி வருவதுதான் முக்கியம், கவனமாகப் படி. டூ நாட் டிஸ்டர்ப் போட்டுவிட்டால் போதும் என்று உன் நண்பன் சொன்னதாகச் சொன்னாய். நிம்மதியாகத் தூங்குவதற்கு அது போதும். உனக்குப் போதாது. அது சத்தத்தைத்தான் நிறுத்துகிறது, செய்தியை நிறுத்துவதில்லை. வேலை முடிந்து போனை எடுத்ததும், ராத்திரி முழுக்க வந்தது அத்தனையும் வரிசை கட்டி நிற்கும். முதலில் நிற்பது கடைசியாக வந்தது, அதாவது முடிவு. அதனால் மூலத்திலேயே அணைக்க வேண்டும். கூடுதல் காவலாக இன்னொன்று செய்யலாம்: பூட்டுத் திரையில் நோட்டிஃபிகேஷனின் உள்ளடக்கம் தெரியாமல் மறைத்துவைக்க இரண்டு வகைப் போனிலும் வசதி இருக்கிறது. யாரோ ஏதோ அனுப்பியிருக்கிறார்கள் என்று மட்டும் தெரியும், என்ன என்று தெரியாது. முடிவு தெரியக் கூடாத நாட்களில் இதைத்தான் நான் நம்புகிறேன்.

நேரலையில் பார்க்கும் நாளிலும் இந்தத் தொல்லை விடாது, கவனித்திருப்பாய். இணையத்தில் ஓடும் படம் மைதானத்தில் நடப்பதைவிடச் சற்றுப் பிந்தித்தான் வரும். அலர்ட் அதற்கு முன்பே வந்துவிடும். பந்து வீச்சாளர் இன்னும் ஓடிவந்துகொண்டிருப்பார், விக்கெட் விழுந்த செய்தி கையில் அதிரும். இதைவிடக் கடுப்பு வேறு உண்டா? ஆகவே மேட்ச் பார்க்கிற நேரத்துக்குத்தான் அலர்ட் வேண்டும் என்று யாராவது சொன்னால் நம்பாதே. பார்க்கிறவனுக்கு அலர்ட் எதற்கு? பார்க்க முடியாதவனுக்குத்தான் அது, அதிலும் முடிவு மட்டும் தெரிந்தால் போதும் என்கிறவனுக்கு.

லேப்டாப்புக்கு வருவோம். வலது கீழ் மூலையில் பெட்டி பெட்டியாக வருவது விண்டோஸிலிருந்து வருகிறது என்று நீ நினைக்கிறாய். அதில் குரோம் சின்னமும் வெப்சைட் முகவரியும் இருந்தால், அந்தத் தளத்துக்கு எப்போதோ நீயே 'அலோ' கொடுத்திருக்கிறாய் என்று அர்த்தம். வெப்சைட்டை மூடிவிட்டாலும் இப்படி அறிவிப்பு அனுப்பும் வசதி குரோமில் 2015-இலேயே வந்துவிட்டது. குரோம் செட்டிங்ஸில் 'பிரைவஸி அண்ட் செக்யூரிட்டி', அதற்குள் 'சைட் செட்டிங்ஸ்', அதற்குள் 'நோட்டிஃபிகேஷன்ஸ்'. அனுமதி பெற்ற தளங்களின் பட்டியல் அங்கே இருக்கும். பார்த்தால் நீயே அதிர்ந்துபோவாய். ஒவ்வொன்றின் பக்கத்திலும் இருக்கும் மூன்று புள்ளியைத் தட்டினால் 'பிளாக்', 'ரிமூவ்' எல்லாம் இருக்கும். ரிமூவ் கொடுத்தால் அடுத்த முறை போகும்போது அந்தத் தளம் மறுபடி கேட்கும். பிளாக் கொடுத்தால் கேட்கவே கேட்காது. பிளாக் கொடு. அதே பக்கத்தில் மேலே, எந்தத் தளமும் இனிமேல் கேட்கவே கூடாது என்றும் வைத்துவிடலாம். எட்ஜிலும் ஃபயர்ஃபாக்ஸிலும் இதே மாதிரிதான். மேக்கில் சஃபாரி என்றால் அதன் செட்டிங்ஸில் 'வெப்சைட்ஸ்' பகுதிக்குள் இருக்கிறது.

அந்தப் பட்டியலில் வாயில் நுழையாத பெயரோடு ஏதாவது தளம் இருந்தால் அதை முதலில் பிளாக் செய். ஓசியில் மேட்ச் காட்டுகிறோம் என்று இழுக்கும் தளங்கள் இருக்கின்றன அல்லவா, திறந்ததும் "நீங்கள் ரோபோ இல்லை என்று நிரூபிக்க அலோவை அழுத்துங்கள்" என்று சொல்லும். நிரூபிப்பதற்கு ஒன்றுமே இல்லை, அது நோட்டிஃபிகேஷன் அனுமதியைப் பிடுங்கும் தந்திரம். முதலில் ஸ்கோர் மாதிரி வரும், பிறகு உங்கள் கம்ப்யூட்டரில் வைரஸ் என்று பயமுறுத்தும். அதில் எதையும் தட்டாதே. அனுமதியை எடுத்துவிட்டால் அந்த வைரஸ் எச்சரிக்கையும் சேர்ந்து ஓடிவிடும். அந்தத் தளத்துக்கு ஏன் போனாய் என்று நான் கேட்கப் போவதில்லை.

டாஸ்க்பாரில் வெப்பநிலை காட்டும் இடத்தில் திடீரென்று ஸ்கோர் ஓடுகிறதே, அது பிரவுசர் இல்லை, விண்டோஸின் விட்ஜெட். விண்டோஸ் 11-இல் செட்டிங்ஸ், 'பர்சனலைசேஷன்', 'டாஸ்க்பார்', அங்கே விட்ஜெட்ஸ் ஸ்விட்சை அணைத்துவிடு. விண்டோஸ் 10 என்றால் டாஸ்க்பாரில் ரைட் கிளிக் செய்து 'நியூஸ் அண்ட் இன்டரஸ்ட்ஸ்' என்பதற்குள் 'டர்ன் ஆஃப்'. லேப்டாப்பின் பூட்டுத் திரையிலும் ஸ்கோர் வரலாம். பர்சனலைசேஷனில் 'லாக் ஸ்கிரீன்' பகுதியில் 'லாக் ஸ்கிரீன் ஸ்டேட்டஸ்' என்பதை 'நன்' (None, எதுவும் வேண்டாம்) என்று மாற்று. எட்ஜில் புதிய டேப் திறந்தால் வரும் செய்திக் குப்பையை, அந்தப் பக்கத்திலேயே இருக்கும் பல்சக்கரப் படத்தைத் தட்டி மறைக்கலாம். இவ்வளவு இடத்தில் ஒளித்துவைத்தவர்களைச் சும்மா சொல்லக் கூடாது, கெட்டிக்காரர்கள்தான்.

ஆபீஸ் லேப்டாப்பில் இதைத் தள்ளிப்போடாமல் செய்யச் சொல்வதற்குக் காரணம் மேட்ச் மட்டும் இல்லை. 2015-இல் ஃபுளோரிடா ஸ்டேட் பல்கலைக்கழக ஆராய்ச்சியாளர்கள் சோதித்துப் பார்த்திருக்கிறார்கள். வந்த நோட்டிஃபிகேஷனை எடுத்துப் பார்க்காவிட்டாலும், வந்தது என்று தெரிந்தாலே செய்துகொண்டிருக்கிற வேலையில் கவனம் சிதறி, தவறுகள் கூடுகின்றனவாம். நீ பார்ப்பது எண்களோடு புழங்குகிற வேலை.

யூடியூபில் நீ சப்ஸ்கிரைப் செய்த சேனல்களின் மணியை 'நன்' என்று வை. அதுவும் முழுப் பாதுகாப்பு இல்லை, முகப்பில் ஹைலைட்ஸ் படத்திலேயே யார் கோப்பையைத் தூக்குகிறார்கள் என்று தெரிந்துவிடும். மேட்ச் பார்த்து முடிக்கும்வரை யூடியூபைத் திறக்காதே, வேறு வழியில்லை. மெயில்களுக்கு 'அன்சப்ஸ்கிரைப்'. காலண்டரில் என்றைக்காவது ஒரு அணியின் அட்டவணையைச் சேர்த்திருந்தால் அதை நீக்கிவிடு.

பந்தயம் கட்டுகிற ஆப் எதுவும் உன்னிடம் இல்லை என்று நம்புகிறேன். இருந்தால் அதன் நோட்டிஃபிகேஷனை அணைத்தால் மட்டும் நிற்காது. எஸ்எம்எஸ்ஸும் மெயிலும் போனிலிருந்து வருவதில்லை, அவர்களிடம் நீ திறந்த கணக்கிலிருந்து வருகின்றன. கணக்கையே மூட வேண்டும். ஆப்பை அழிப்பதற்கு முன் மூடு, அழித்துவிட்டால் எங்கே போய் மூடுவது என்று தேடி அலைவாய்.

எந்த செட்டிங்ஸிலும் அடங்காத ஆள் ஒருவர் நம் குடும்பத்திலேயே இருக்கிறார், உனக்கே தெரியும். ஆட்டம் முடிந்த அடுத்த நிமிடம் சித்தப்பா ஃபேமிலி குரூப்பில் பட்டாசு படம் போட்டுவிடுவார். அவரிடம் பேசிப் பார்த்தேன். "தெரியாத மாதிரி பாருங்களேன் அண்ணி" என்கிறார். குரூப்பை மியூட் செய்துவிடு. எட்டு மணி நேரம், ஒரு வாரம், எப்போதும் என்று மூன்று வகை இருக்கிறது, எட்டு மணி நேரம் போதும். எப்போதும் என்று போட்டுவிட்டு அப்புறம் வீட்டில் நடப்பது எதுவும் தெரியவில்லை என்று என்னிடம் வராதே.

எல்லாம் செய்த பிறகும் ஏதாவது வந்தால் ஸ்கிரீன்ஷாட் எடுத்து அனுப்பு, யாரிடமிருந்து வருகிறது என்று கண்டுபிடித்துச் சொல்கிறேன். ஆபீஸ்காரர்கள் சில செட்டிங்ஸைப் பூட்டி வைத்திருந்தால் அவர்களுடைய ஐடி ஆட்களிடம் கேள், அவர்கள் பக்கத்தில்தான் திறக்க முடியும். ஒன்று மட்டும், ஸ்கிரீன்ஷாட்டில் ஸ்கோரை மறைத்துவிட்டு அனுப்பு. நானும் அந்த மேட்சை இன்னும் பார்க்கவில்லை.

அன்புடன்,
அம்மா