ஆயாவின் ஊருக்கு நீயும் போய் வா

அன்புள்ள தங்கைக்கு,

"வியட்நாமில், அந்தச் சைகோனில் நமக்கு யார் இருக்கிறார்கள்?" என்று கேட்டிருந்தாய். யாரும் இல்லை. நம் வியட்நாம் பாட்டி, ஆயா, அங்கே பிறந்த தெருவின் பெயர்கூட நம் வீட்டில் யாருக்கும் தெரியாது. ஆனாலும் நீ போக வேண்டும்.

நம் வீட்டில் இந்தக் கதையை எப்போதும் தாத்தாவிலிருந்துதான் தொடங்குவார்கள். பிரெஞ்சுப் பிரஜையாகப் புதுச்சேரியில் கப்பலேறினார், அப்போது பிரெஞ்சுக்காரர் கையில் இருந்த சைகோனில் அரசாங்க வேலை பார்த்தார், 1954இல் வட வியட்நாமின் தியன் பியன் பூவில் பிரெஞ்சுப் படை தோற்றதும் ஊர் திரும்பினார். அதே ஆண்டு நவம்பர் 1ஆம் தேதி புதுச்சேரியும் பிரெஞ்சுக்காரர் கையை விட்டுப் போனது. கைக்குழந்தையான நம் அம்மாவோடு, ஒரு சொல் புரியாத ஊரில் வந்து இறங்கிய ஆயா இந்தக் கதையின் கடைசியில்தான் வருவார்.

சைகோனுக்குப் போனால்தான் தெரிகிறது, அது ஆயாவின் ஊர். அந்நியராக வந்தவர் தாத்தா.

பென் தான் சந்தையிலிருந்து கொஞ்சம் நடந்தால் மாரியம்மன் கோவில். கோபுரம், மல்லிகை எல்லாம் நம்மூர் போலத்தான். ஆனால் நான் போன நேரத்தில் கும்பிட வந்தவர்கள் அத்தனை பேரும் வியட்நாமியர். உப்பும் அரிசியும் படைத்திருந்தார்கள். ஒரு வயதான அம்மா கருவறைக்குப் பின்சுவரில் நெற்றியை அழுத்தி, இரண்டு உள்ளங்கைகளையும் கல்லில் பதித்து, வெகுநேரம் ஏதோ முணுமுணுத்துக்கொண்டிருந்தார். ஆயா வெள்ளிக்கிழமைகளில் அப்படித்தானே நிற்பார்! தாத்தா வீட்டார் சொல்லிக்கொடுத்த பக்தி என்றல்லவா இத்தனை காலம் நினைத்திருந்தோம்? தாத்தாவைப் பார்ப்பதற்கு முன்பே அவர் மாரியம்மனைப் பார்த்திருக்கலாம். எனக்கு அப்படித்தான் தோன்றுகிறது.

அப்புறம், தோங் யூ தெருவில் 1935இல் தென்னிந்திய முஸ்லிம்கள் கட்டிய பள்ளிவாசல் இருக்கிறது, அதையும் பார். நம் தாத்தா மட்டும் போன ஊர் இல்லை அது.

பள்ளியில் உன்னைச் 'சீனாக்காரி' என்று கேலி செய்தார்கள். அன்றிலிருந்து ஆயா பக்கத்தைப் பற்றி வெளியே நீ பேசுவதே இல்லை. சைகோனில் எதிரே வருகிற பாட்டிமார்களின் கண்ணிலும் கன்னத்திலும் உன் சாயலைப் பார்த்துப் பார்த்து எனக்குத் தொண்டை அடைத்தது. இதை நீ மறைக்க வேண்டியதே இல்லை, தங்கச்சி. பாதி தமிழ், பாதி வியட்நாம் என்று கணக்குப் போடவும் வேண்டாம். இரண்டும் நமக்கு முழுசாகவே வந்திருக்கிறது.

விசாவை இணையத்திலேயே எடுக்கலாம். அம்மாவையும் கூட்டிப் போ. முட்டி வலி என்பார், அதனால் கோவிலுக்குப் பக்கத்திலேயே அறை எடு. அவர் பிறந்த ஊரும் அதுதானே, நினைவு தெரிந்து இன்னும் பார்த்ததே இல்லை.

அன்புடன்,
அண்ணன்