1965-ன்னு போடுங்க: ஒரு ஸ்ட்ரீமிங் தளத்துக்கு திறந்த மடல்

உங்க தளத்துல படம் தேர்வு பண்ணி லிஸ்ட் போடுற குழுவுக்கு வணக்கம்.

போன வாரம் 'தாஸ் கனின்ஷென் பின் இஷ்'ங்கற கிழக்கு ஜெர்மனி படத்தை சேர்த்தீங்க, ரொம்ப சந்தோஷம். ஆனா கீழ வருஷம் 1990-ன்னு இருக்கு. மாத்துங்கன்னு எழுதினா "ரிலீஸ் வருஷம் அதுதான்"னு ஒத்தை வரியில பதில் வருது.

ரிலீஸ் 1990 தான், யாரு இல்லன்னா? ஏன் அவ்ளோ லேட்டுங்கறதும் உங்களுக்குத் தெரிஞ்சதுதானே. கூர்ட் மேட்ஸிக் எடுத்து முடிச்ச படத்தை 1965 டிசம்பர்ல கிழக்கு ஜெர்மனி ஆளுங்கட்சியோட மத்தியக் குழு கூட்டத்துல போட்டுத் தாக்கி, பெட்டியில வச்சுப் பூட்டிட்டாங்க.

படத்தோட நாயகி மரியாவா நடிச்ச ஆங்கெலிகா வாலருக்கு அப்ப 21 வயசு, முதல் பெரிய ரோல். கூடப்பொறந்தவன் அரசுக்கு எதிரா நடந்தான்னு ஜெயிலுக்குப் போனதால காலேஜ் சீட் கிடைக்காம பார்ல சர்வர் வேலை பாக்குற பொண்ணு, அவனுக்குத் தண்டனை குடுத்த ஜட்ஜையே காதலிக்கிறா, கதையை சொல்றதும் அவ குரல்தான், மொத்தப் படத்தையும் அந்தப் புதுப் பொண்ணுதான் தாங்கி நிக்குது. இப்படி ஒண்ணைப் பண்ணிட்டு, வந்து பாருங்கன்னு ஜனங்களைக் கூப்பிட முடியாம இருந்தா எப்படி இருக்கும்? 1966-ல பெர்லினர் ஆன்சாம்பிள் நாடகக் குழுவுக்குப் போனாங்க, மேடை, டிவின்னு பேர் வாங்கினாங்க, அதெல்லாம் சரி, ஆனா தியேட்டர்ல மரியா வந்தப்ப அவங்களுக்கு 45 வயசு. இருபது வயசு முகத்தை யாராலயும் திரும்ப ஷூட் பண்ண முடியாது.

அந்த 1965-ஐத்தான் அன்னைக்கு இல்லாம பண்ணாங்க, இன்னைக்கு நீங்களும் அதே வருஷத்தை அழிக்கிறீங்க. அதனாலதான் திரும்பத் திரும்ப கேக்குறேன், 1965-ன்னு போடுங்க.

யுட்டா ஹாஃப்மன் நடிச்ச 'கார்லா'வுக்கும் இதே கதிதான், அதையும் தடை பண்ணினாங்க, அதுக்கும் 1990-ன்னுதான் போட்டிருக்கீங்க. மேற்கு ஜெர்மனி நடிகைகளுக்கு முதல் படத்துல இருந்து பக்கம் பக்கமா எழுதுறீங்க, கிழக்குல நடிச்சவங்கன்னா பேரும் பொறந்த வருஷமும் போதுமா? பெர்லின் சுவர் விழுந்து எத்தனை வருஷம் ஆச்சுங்க, இன்னும் இந்தப் பாகுபாடா?

கோவத்துல கொஞ்சம் கூட பேசியிருந்தா மன்னிக்கணும். கேக்குறது இவ்ளோதான்: வருஷத்தை 1965-ன்னு மாத்திட்டு, பக்கத்துல "தடை செய்யப்பட்டு 1990-ல் வெளியானது"ன்னு ஒரு வரி சேருங்க. 'கார்லா'வுக்கும் எடுத்த வருஷத்தையே போடுங்க, தயவுசெஞ்சு.

இப்படிக்கு,
உங்க சந்தாதாரர் ஒருத்தர்