மச்சானின் சானல் வேலையும் ஒரு தபால் கவரும்

தக்கலை

அன்புள்ள மக்கா,

உன் கடிதம் வந்து இருபது நாளாயிற்று. கோபிக்காதே. மச்சானின் வழக்குக் காகிதங்களோடுதான் பொழுது போகிறது. அவன் காண்டிராக்ட் எடுத்த சானல் வேலையை, அதாவது பாசனக் கால்வாய் வேலையை, துறைக்காரர்கள் ரத்து செய்து, டெபாசிட்டையும் பிடித்துக்கொண்டார்கள் என்று போனில் சொன்னேன் அல்லவா, முழுக்கதை இதுதான்.

நம்ம ஊர் சானலில் எப்போது வேலை செய்ய முடியும் என்று உனக்கே தெரியும். பேச்சிப்பாறை அணையை அடைப்பது பிப்ரவரி கடைசியில், திறப்பது ஜூன் 1-இல். நடுவே கிடைப்பது மூன்று மாதம், அதிலும் கோடைமழை பாதியைத் தின்றுவிடும். 900 மீட்டருக்குக் கான்கிரீட் போடவேண்டிய வேலை. மார்ச் 1-இல் இடத்தை ஒப்படைத்திருக்க வேண்டும். கரையில் நின்ற கரண்டு கம்பங்களை மாற்ற ஆளில்லாமல் ஏப்ரல் 11-இல்தான் கொடுத்தார்கள். தண்ணீர் வந்தபோது 340 மீட்டர் முடிந்திருந்தது.

மச்சான் உத்தமன் என்று சொல்லமாட்டேன். மகள் கல்யாணத்துக்கு ஒன்பது நாள் வேலையை நிறுத்தி ஆட்களை அனுப்பிவிட்டான். அதைவிடப் பெரிய தப்பு, கம்பம் நிற்கிறது என்று ஒரு வரிகூட எழுதிக் கொடுக்கவில்லை. "அண்ணாச்சி, பாத்துக்கலாம்" என்று சைட்டைப் பார்க்க வந்த துறைக்காரர் சொன்னதை அப்படியே நம்பிவிட்டான். எல்லாம் போன் பேச்சு.

இனிமேல்தான் வேடிக்கை. ஏழு நாளில் விளக்கம் தரச்சொல்லி நோட்டீஸ், தேதி ஜூன் 3. கவரில் தபால் முத்திரையோ ஜூன் 12. கெடு முடிந்து இரண்டு நாள் கழித்துத்தான் நோட்டீஸே தபாலில் ஏறியிருக்கிறது! 18-ஆம் தேதி ரத்து உத்தரவு. அதில், "ஒப்பந்ததாரர் விளக்கம் எதுவும் தரவில்லை." மச்சான் கவரைத் தூக்கிப் போட்டிருப்பான், அக்காதான் பால் கணக்கு எழுத எடுத்து வைத்திருந்தாள். இப்போது அது என் பீரோவில் பத்திரமாக இருக்கிறது.

இரண்டு நாளில் அளவெடுப்பு. முட்டளவு தண்ணீர் ஓடும்போது, இவனைக் கூப்பிடாமல் அளந்திருக்கிறார்கள். எம்.புக்கில், அதாவது துறையின் அளவுப் புத்தகத்தில், 290 மீட்டர். ஐம்பது மீட்டர் தண்ணீரோடு போய்விட்டது போலும்! அளந்ததைப் பார்த்தவர் பக்கத்து ஏத்தவாழைத் தோட்டக்காரர். சாட்சி சொல்ல வருவாரா, பார்க்கவேண்டும்.

மீதி வேலைக்கு மறுடெண்டர் விட்டார்கள். மச்சான் ரேட்டைவிடக் குறைவாகவே போயிற்று. அப்படியானால் நஷ்டம் யாருக்கு? வக்கீல் இதைத்தான் பிடித்துக்கொண்டார். அவர் காட்டும் பழைய தீர்ப்பு இது. டெல்லி வளர்ச்சி ஆணையம் கைலாஷ் நாத் என்ற நிறுவனத்துக்கு 1982-இல் ஏலத்தில் ஒரு மனை விட்டது, 3.12 கோடிக்கு. தகராறில் அந்த நிறுவனம் கட்டிய 78 லட்சத்தைப் பிடித்துக்கொண்டு, 1994-இல் அதே மனையை 11.78 கோடிக்கு விற்றது. உச்ச நீதிமன்றம் 2015-இல், நஷ்டமே இல்லாதபோது இழப்பீடு என்று எதைப் பிடிப்பீர்கள் எனக் கேட்டு, பணத்தைத் திருப்பிக் கொடுக்கச் சொன்னது. ஒப்பந்தச் சட்டம் 74-ஆம் பிரிவின்படி, ஒப்பந்தத்தில் இழப்பீடாக எழுதிவைத்த தொகைதான் உச்சவரம்பு. அதற்குள் நியாயமானது மட்டுமே கிடைக்கும்.

தாமதம் யாரால் என்று தகராறு இருக்கும்போது, அதைத் துறையே தீர்மானிக்க முடியாது என்றும் 2011-இல் ஜே.ஜி. இன்ஜினியர்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியாகிவிட்டது.

எனக்குச் சுருக்கென்று பட்டது வேறொன்று. ரத்து உத்தரவிலேயே மச்சானை மூன்று வருஷம் துறையில் வேலை எடுக்க முடியாதபடி கறுப்புப் பட்டியலில் சேர்த்துவிட்டார்கள். நோட்டீஸில் இருந்ததோ "தகுந்த நடவடிக்கை எடுக்கப்படும்" என்ற ஒரு வரிதான். கறுப்புப் பட்டியல்தான் நோக்கம் என்றால் அது நோட்டீஸிலேயே தெரியவேண்டும் என்று கூர்க்கா செக்யூரிட்டி வழக்கில் 2014-லேயே தீர்ப்பு வந்துவிட்டது. அப்போது நான் அரசு சர்வீசில்தான் இருந்தேன், மக்கா. அதற்குப் பிறகும் எத்தனை நோட்டீஸுக்கு இதே "தகுந்த நடவடிக்கை"யை எழுதி மேலே வைத்திருப்பேன்! பழைய நோட்டீஸைப் பார்த்துத் தேதியை மட்டும் மாற்றுவோம். வாங்கினவன் வீட்டில் அன்றைக்கு என்ன நடந்திருக்கும் என்று இந்த ஜூனில்தான் தெரிந்தது. அக்கா இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை.

கறுப்புப் பட்டியலை எதிர்த்து உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட் மனு போட்டாயிற்று. பணத்துக்கு நாகர்கோவிலில் தனியாக சிவில் வழக்கு. அது எப்போது முடியுமோ. மச்சான் இப்போது ஒரு குயர் நோட்டு வாங்கி, வேறு சைட்டில் மழை பெய்த நேரம் உட்பட எழுதுகிறான். கையெழுத்துதான் எனக்கே புரியவில்லை.

சரி, ஓணத்துக்கு வருவாயா? வந்தால் ஏத்தங்குலை ஒன்று உனக்காகத் தோட்டத்தில் நிற்கிறது. வருவதானால் இரண்டு நாள் முன்னதாகவே எழுது, வெட்டிவைக்கிறேன்.

உன் பழைய பெஞ்சுக்காரன்