அம்மா கேன்சல் செய்த டிக்கெட்

ஹைடல்பெர்க், மெல்போர்ன்
ஆகஸ்டு 9

அன்புள்ள அம்மா,

இங்கே நான் நலம். உன் முட்டிவலி எப்படி இருக்கிறது? உங்களுக்கு அங்கே ஆடிக் காற்று, எங்களுக்கு இங்கே கடுங்குளிர். காலை ஷிப்டுக்கு ஐந்தரைக்குக் கதவைப் பூட்டும்போது சாவி பனிக்கட்டி மாதிரி இருக்கும்.

போன மாதம் போனில் அழுதேனே, டிக்கெட் பார்த்துவிட்டேன், மொத்தமாகத் திரும்பி வந்துவிடுகிறேன் என்று. நீ "பொங்கல் வரைக்கும் பொறு" என்று மட்டும் சொல்லி வைத்துவிட்டாய். அன்றைக்கு உன் மேல் எனக்குக் கடுங்கோபம். அது எப்படித் தணிந்தது என்று போனில் சொன்னால் தொண்டை அடைத்துவிடும். அதனால்தான் எழுதுகிறேன்.

நான் வேலை பார்க்கும் முதியோர் இல்லத்தில் 84 வயதுப் பாட்டி ஒருவர் இருக்கிறார். மூன்று மணி டீ முடிந்ததும் இசைத்தட்டு கேட்பார். அவருக்குக் கை ஓயாமல் நடுங்கும். தட்டை உறையிலிருந்து எடுத்து, விரல் படாமல் இரண்டு உள்ளங்கைகளாலும் விளிம்பைப் பிடித்திருப்பார் பார், அந்த நேரத்துக்கு மட்டும் நடுக்கம் நின்றுவிடும். அப்புறம் ஊசியை என்னை வைக்கச் சொல்வார். பாடுவது ஒலிவியா நியூட்டன்-ஜான். கன்ட்ரி பாப். கன்ட்ரி என்றால் அமெரிக்கத் தென்பகுதிக் கிராமத்துப் பாட்டு, அம்மா. அதில் சினிமாப் பாட்டின் மெருகு கொஞ்சம் சேர்ந்தால் கன்ட்ரி பாப். குரல் மெல்லிசு, காதோரம் பேசுகிற மாதிரி இருக்கும்.

ஒலிவியா கேம்பிரிட்ஜில் 1948-இல் பிறந்தவர். ஐந்து வயதில், 1954-இல், குடும்பத்தோடு இந்த மெல்போர்னுக்கு வந்தார். அவருடைய தாத்தா யார் தெரியுமா? இயற்பியலில் நோபல் பரிசு வாங்கிய மாக்ஸ் போர்ன். ஹிட்லர் காலத்தில் ஜெர்மனியை விட்டு வந்த அவரை நம் திருச்சியில் பிறந்த சர் சி.வி. ராமன்தான் பெங்களூருக்கு அழைத்தார். 1935-36-இல் சில மாதம் அங்கே இருந்தாராம். இதைப் படித்ததும் உன்னிடம் ஓடி வந்து சொல்லவேண்டும் போல இருந்தது.

ஒலிவியாவுக்கு இங்கே பாட்டுப் போட்டியில் கிடைத்த பரிசு, இங்கிலாந்துப் பயணம். போக மனசில்லை. அம்மா ஐரீன்தான் உலகத்தைப் பார் என்று கிளப்பினார். 1966-இல் போன இடத்தில் காதலன் நினைப்பு, ஊர் நினைப்பு. திரும்பத் திரும்ப ஆஸ்திரேலியாவுக்கு டிக்கெட் போட்டாராம். ஒவ்வொரு முறையும் அம்மா அதைக் கேன்சல் செய்தாராம். பாட்டி இதைச் சொன்னபோது நான் தலைவாரிக்கொண்டிருந்தேன், அவருக்கு. சீப்பு அப்படியே நின்றுவிட்டது. உன் குரல்தான் கேட்டது.

இங்கிலாந்தில் ஒலிவியாவோடு சேர்ந்து பாடிய சிநேகிதி பாட் கரோலுக்கு விசா முடிந்து திரும்ப வேண்டியதாயிற்று. இவர் தனியாக நின்றார். 1974-இல் கன்ட்ரி பாட்டுக்கு கிராமி விருது. அதே வருஷம், கன்ட்ரி பாட்டுக்குத் தலைநகர் மாதிரியான அமெரிக்க ஊர் நாஷ்வில்லில், கன்ட்ரி இசைச் சங்கம் அவரைச் சிறந்த பாடகியாகத் தேர்ந்தெடுத்தது. போட்டியில் இருந்தவர்கள் லொரெட்டா லின், டாலி பார்ட்டன் மாதிரிப் பெரிய ஆட்கள். அங்கே பலருக்கும் அது பொறுக்கவில்லை. இவர் நம் ஆள் இல்லை, இது கன்ட்ரியே இல்லை என்று தனிச் சங்கமே தொடங்கினார்கள். டாலியின் தங்கை ஸ்டெல்லா இவருக்கு ஆதரவாக ஒரு பாட்டே பாடினார். அது பெரிய மனசு. ஒலிவியா 1975-இல் அமெரிக்காவிலேயே குடியேறினார், மறுவருஷம் அந்த நாஷ்வில்லுக்கே போய் ஒரு ஆல்பம் பதிவு செய்தார். அப்புறம் சினிமா, புகழ் எல்லாம் வந்தது. 1981-இல் வந்த ஒரு பாட்டு அமெரிக்காவில் பத்து வாரம் முதலிடத்திலேயே இருந்தது. ஆனால் எனக்குப் பெரிதாகப் படுவது நாஷ்வில் போனதுதான்.

உன்னிடம் மறைத்த ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். முதலில் வேலை பார்த்த இடத்தில் ஒருவர் என் ஆங்கிலத்தைக் கேட்டுவிட்டு, வேறு ஆளை அனுப்பு என்றார். அன்று இரவுதான் டிக்கெட் பார்த்தேன்.

ஹைடல்பெர்க் ஸ்டேஷனில் இறங்கினால் மேட்டில் ஆஸ்டின் ஆஸ்பத்திரி. அதில் ஒலிவியா பேரிலேயே புற்றுநோய் மையம். அவருக்கே 1992-இல் மார்பகப் புற்றுநோய் வந்தது. இந்த மையத்துக்கு நிதி திரட்டச் சீனப் பெருஞ்சுவரில் நடந்தாராம். 2012-இல் திறந்தார்கள். கலிபோர்னியாவில் இருந்துகொண்டு, வளர்ந்த ஊருக்குச் செய்தது இது. அவர் இறந்தது 2022 ஆகஸ்டு 8. நேற்று மாலை பாட்டி அதே தட்டை இரண்டு தடவை போடச் சொன்னார். இரண்டாம் தடவை நானும் கூடப் பாடினேன். என் உச்சரிப்பை அவர் திருத்தவில்லை, கையைப் பிடித்துக்கொண்டார்.

அந்த ஒருவழி டிக்கெட்டை விட்டுவிட்டேன், அம்மா. தை முதல் வாரம் வருகிறேன், போக வர டிக்கெட். எனக்காக அரிசி வடகம் மட்டும் பிழிந்து வை. விதை எதுவும் வேண்டாம், இங்கே ஏர்போர்ட்டில் எடுத்துவிடுவார்கள்.

தைலம் தேய்க்க மறக்காதே.

உன் மகள்