ஹால்ல ஒரு கண்ணு

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம். வீட்டுக்குள்ள சிசிடிவி வைக்கிறது பத்தி போன வாரம் நீங்க போட்ட கட்டுரைய படிச்சேன், திருட்டு பயம், செலவு, எந்த கேமரா நல்லதுன்னு எல்லாம் இருந்துச்சு, அந்த கேமராவுக்கு கீழ குடித்தனம் பண்றவங்க மனசு பத்தி ஒரு வரி இல்ல, அதான் எழுதுறேன்.

போன வருஷம் இவர் பாத்ரூம்ல வழுக்கி விழுந்தாரு. வெளிநாட்டுல இருக்குற பையன் பதறிப்போய் வந்து, தலைய திருப்பி திருப்பி பாக்குற கேமரா ஒண்ண ஹால்ல மாட்டிட்டு போயிட்டான் (விழுந்தது பாத்ரூம்ல, கேமரா ஹால்ல, அத கேக்கக்கூடாது). பாசத்துலதான் வச்சான், இல்லன்னு சொல்லல. ஆனா அன்னையிலேருந்து என் வீட்டுல நானே விருந்தாளி. நைட்டி மேல துண்டு. மத்தியானம் சோபால வாய பொளந்துகிட்டு தூங்குறது போச்சு. இவர்கிட்ட சண்ட போடணும்னா கூட அடுப்படிக்கு கூட்டிட்டு போய் குசுகுசுன்னு போடுறேன், அதுல என்ன ருசி இருக்கு சொல்லுங்க. ஒருநாள் துண்ட தூக்கி அது மேல போட்டேன், பத்து நிமிஷத்துல போன், "அம்மா, ஏன் ஒரே இருட்டா தெரியுது, என்னாச்சு?"

கரன்ட் போனா அதுவும் செத்துடும்னு தெரியும், இருந்தும் கால நீட்டி உக்கார மனசு வரமாட்டேங்குது. மகள் வயித்துப் பேத்தி சைக்காலஜி படிக்கிறா, அவகிட்ட சொன்னேன். இங்கிலாந்துல நியூகாசில் யுனிவர்சிட்டில காபி எடுத்துட்டு நாமளே டப்பால காசு போடுற இடத்துல ஒரு வாரம் பூ படம், ஒரு வாரம் கண்ணு படம்னு மாத்தி மாத்தி ஒட்டி பாத்தாங்களாம், 2006-ல அந்த ஆராய்ச்சி வந்துச்சாம், கண்ணு படம் இருந்த வாரங்கள்ல கிட்டத்தட்ட 3 மடங்கு காசு விழுந்துச்சாம். வெறும் பேப்பர் கண்ணு! காபி காசுக்கு சரிடி, நான் யார் காச திருடுனேன்னு கேட்டேன், சிரிக்கிறா.

கேமராவே ஆகாதுன்னு சொல்ற ஆள் இல்ல நான். சென்னை போலீஸ் "மூன்றாவது கண்"ணுன்னு தெருத்தெருவா வச்சப்போ எங்க தெருவுக்கு நானும் காசு குடுத்தேன், செயின் பறிப்பு பயம் யாருக்கு இல்ல. தெருவுக்கு போறப்போ எப்படியும் ஒழுங்கா சேலை கட்டிகிட்டுதான் போறோம். வீடு அப்படியா? 2017-ல அந்தரங்கம் அடிப்படை உரிமைன்னு சுப்ரீம் கோர்ட்ல 9 ஜட்ஜும் ஒண்ணா சொன்னாங்களே, அந்த கேஸ போட்ட புட்டசாமி, போடும்போதே எண்பது தாண்டுன ரிட்டயர்டு ஜட்ஜு. அவர் கவர்மென்ட் மேல போட்டாரு, நான் பெத்த புள்ள மேல எங்க போய் போடுறது?

பொங்கலுக்கு வரும்போது வாசப்பக்கமா திருப்பி வைக்கிறேன்னு சொல்லியிருக்கான்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
மேற்கு மாம்பலம், சென்னை