அபராதம் கட்டினால் கேஸ் முடிந்துவிடுமா?

அன்புள்ள சிநேகிதிக்கு,

உன் கடிதம் வந்தது. அம்மாவுக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது என்று படித்ததும்தான் எனக்கு நிம்மதி. இங்கே எல்லோரும் சுகம். பெரியவள் படிப்பை முடித்துவிட்டு வேலை தேடுகிறாள், அந்தக் கதையைப் பிறகு எழுதுகிறேன். முதலில் உன் தம்பி மகனின் அடிதடிக் கேஸ் விஷயம், ஏனென்றால் வாய்தா நெருங்கிவிட்டது என்கிறாய்.

"ஒத்துக்கிட்டு அபராதத்தைக் கட்டிடுங்க, இன்னிக்கே கேஸ் முடிஞ்சிடும்" என்று கோர்ட் வராந்தாவில் யாரோ சொன்னதாக எழுதியிருக்கிறாய். அந்த வாக்கியத்தை நான் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் கேட்காத வாரமே கிடையாது. சொல்பவர்கள் கெட்டவர்கள் இல்லை. உண்மையிலேயே கேஸ் அன்றைக்கே முடிந்துவிடும்தான். ஆனால் அது எப்படி முடிகிறது என்பதை யாரும் சொல்வதில்லை, எனக்கு அதுதான் வயிற்றெரிச்சல். குற்றத்தை ஒப்புக்கொண்டு அபராதம் கட்டினால் அவன் தண்டனை பெற்றவன். ஐந்நூறு ரூபாய் கட்டினாலும் அது தண்டனைதான். நாளைக்குப் போலீஸ் வேலைக்கோ அரசு வேலைக்கோ மனுப் போடும்போது "குற்ற வழக்கில் தண்டனை பெற்றதுண்டா" என்று கேட்பார்கள், அங்கே அவன் "ஆம்" என்று எழுதியாக வேண்டும்.

இன்னொன்று, அப்புறம் மனசு மாறி அப்பீல் போகலாம் என்று நினைத்தால் கதவு பாதிக்கு மேல் மூடியிருக்கும். தானே ஒப்புக்கொண்டவர் தண்டனை அதிகம் என்றோ, சட்டப்படி அந்தத் தண்டனை செல்லாது என்றோதான் அப்பீலில் கேட்க முடியும், நான் செய்யவில்லை என்று கேட்க முடியாது.

நீ எழுதியிருக்கும் பிரிவுகளைப் பார்த்தேன். கெட்ட வார்த்தையில் திட்டியது 296(பி), கையால் அடித்தது 115(2), மிரட்டியது 351(2). பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் 294(பி), 323, 506(1) என்று மூன்றையும் சேர்த்தே எழுதுவார்கள், 2024 ஜூலை 1 முதல் அதன் இடத்தில் பாரதிய நியாய சன்ஹிதா வந்து எண்கள் மாறியிருக்கின்றன. அடித்ததற்கு அதிகபட்சம் ஓராண்டு அல்லது பத்தாயிரம் ரூபாய் அபராதம் அல்லது இரண்டும். "வரை" என்றுதான் சட்டம் சொல்கிறது, அதற்குள் எவ்வளவு என்பது மாஜிஸ்திரேட் கையில். இங்கிலாந்தில் இதற்கென்று எழுதிவைத்த வழிகாட்டி உண்டு, முதல் கட்டத்திலேயே ஒப்புக்கொண்டால் தண்டனையில் மூன்றில் ஒரு பங்கு குறையும், விசாரணை தொடங்கும் நாளில் ஒப்புக்கொண்டால் பத்தில் ஒரு பங்குதான். நம் கோர்ட்டில் அப்படி ஒரு கணக்கு கிடையாது. வயது, பழைய வழக்கு உண்டா, காயம் எவ்வளவு என்று பார்த்து முடிவு செய்வார்கள். ஒரே மாதிரிச் சண்டைக்கு ஒரு கோர்ட்டில் எச்சரிக்கையும் பக்கத்துக் கோர்ட்டில் அபராதமும் கிடைப்பதை நானே பார்த்திருக்கிறேன்.

"பிளீ பார்கெய்னிங் என்று ஒன்று இருக்கிறதாமே" என்று கேட்டிருந்தாய். இருக்கிறது, 2006 முதல். மனுப் போட்டு, அடிபட்டவரையும் உட்காரவைத்துப் பேசி, நஷ்ட ஈடும் தண்டனையும் முடிவு செய்யும் முறை. ஏழாண்டுக்கு மேல் தண்டனை உள்ள குற்றங்களுக்கும், பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் எதிரான குற்றங்களுக்கும் அது கிடையாது. நடைமுறையில் அதை யாரும் அதிகம் தொடுவதில்லை. வராந்தாவில் உங்களிடம் சொன்னது வேறு, அது நேரடியாகக் கூண்டில் நின்று ஒப்புக்கொள்வது.

அதற்கும் ஒழுங்குமுறை இருக்கிறது. குற்றச்சாட்டை மாஜிஸ்திரேட் அவனுக்குப் புரியும்படி சொல்லிக் கேட்க வேண்டும். அவன் சொல்லும் பதிலை முடிந்தவரை அவன் வார்த்தையிலேயே எழுத வேண்டும். 1960-களில் மதராஸ் மாநிலத்திலிருந்து போன ஒரு வழக்கில், அப்படி எழுதாததற்காகவே உச்ச நீதிமன்றம் தண்டனையை ரத்து செய்தது. ஒப்புக்கொண்டாலும் மாஜிஸ்திரேட் அதை ஏற்றுத்தான் ஆக வேண்டும் என்றில்லை. "அவன்தான் முதலில் அடித்தான், நான் தடுத்தேன்" என்று பையன் சொன்னால் அது ஒப்புதலே இல்லை. ஆனால் காலையில் அத்தனை கேஸ் கூப்பிடுகிற கோர்ட்டில், பயந்துபோய்த் தலையை ஆட்டுகிற பையனிடம் இதையெல்லாம் பொறுமையாகக் கேட்க யாருக்கு நேரம் இருக்கிறது?

இதைவிட வேதனை ரிமாண்டில் இருப்பவர்கள். ஜாமீன் கிடைத்தும் ஜாமீன்தாரர் கிடைக்காமல் உள்ளேயே கிடப்பார்கள். ஒப்புக்கொண்டால் இதுவரை இருந்த நாளையே தண்டனையாக எடுத்துக்கொண்டு சாயந்திரம் வீட்டுக்கு அனுப்புவார்கள், மறுத்தால் விசாரணை முடியும்வரை உள்ளே. செய்யாதவனும் செய்தேன் என்றுதான் சொல்வான். அதிகபட்சத் தண்டனையில் மூன்றில் ஒரு பங்கு காலம் உள்ளே இருந்துவிட்டால், மரணம், ஆயுள் அளவுக்குப் போகாத வழக்கில், வேறு வழக்கு எதுவும் இல்லாத முதல்முறைக்காரரை ஜாமீனில் விடச் சொல்கிறது புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம். சிறைக் கண்காணிப்பாளரே கோர்ட்டுக்கு எழுத வேண்டும் என்றும் இருக்கிறது. அவர்களுக்கு இலவச வக்கீலும் உண்டு. இது தெரிந்த குடும்பங்கள் குறைவு.

சரி, நீங்கள் செய்ய வேண்டியது. அடுத்த வாய்தாவில் அவசரப்பட்டு ஒப்புக்கொள்ள வேண்டாம், வக்கீல் வைக்க அவகாசம் கேட்கலாம், கேட்டால் கொடுப்பார்கள். எதிர்த் தரப்பு பக்கத்துத் தெருக்காரர்தானே, ராஜி பேசிப் பாருங்கள். அடித்ததையும் மிரட்டியதையும் அவர் சம்மதித்தால் கோர்ட்டிலேயே சமாதானமாக முடித்துக்கொள்ளலாம். 296(பி)-யை அப்படி முடிக்க முடியாது, அதற்கு உயர் நீதிமன்றத்தில் ரத்து மனுப் போட வேண்டியிருக்கும், செலவு கூடும். ஒருவேளை அவன் உண்மையிலேயே அடித்திருந்து, ஒப்புக்கொள்வதுதான் சரி என்று அவனே முடிவு செய்தால், 1958-ஆம் ஆண்டு நன்னடத்தைச் சட்டத்தின்படி எச்சரித்தோ ஜாமீன் பத்திரம் வாங்கிக்கொண்டோ விடும்படி வக்கீல் அன்றைக்கே கேட்க வேண்டும். அந்தச் சட்டத்தில் விட்டால், தண்டனையால் வரும் தகுதியிழப்பு அவனுக்கு வராது என்று 12-ஆம் பிரிவு சொல்கிறது. இருபது வயசுப் பையனுக்கு அது எவ்வளவு பெரிய விஷயம்! 21 வயதுக்குக் கீழே இருந்தால், சிறைக்கு அனுப்புவதென்றால் மாஜிஸ்திரேட் காரணம் எழுத வேண்டும்.

குற்றப்பத்திரிகை நகலையும் காயச் சான்றிதழையும் போட்டோ எடுத்து எனக்கு அனுப்பு. அவனையும் ஒரு தடவை என்னிடம் பேசச் சொல், உன் தம்பி பக்கத்தில் இல்லாத நேரமாகப் பார்த்து.

அம்மாவைக் கேட்டதாகச் சொல்.

அன்புடன்,
உன் சிநேகிதி